நில எடுப்பு இழப்பீடு: ஜெராக்ஸ் கடையில் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தாலுகா ஆபீஸுக்கு எதிரே எனக்கு ஒரு ஜெராக்ஸ் கடை. நகல் எடுத்துக் கொடுப்பதோடு மனுவும் எழுதிக் கொடுப்பேன். ஏதாவது ஒரு புறவழிச்சாலைக்கோ சிப்காட்டுக்கோ நோட்டீஸ் வந்த வாரத்தில் மஞ்சப்பையும் கையுமாக ஆட்கள் வர ஆரம்பித்துவிடுவார்கள். பைக்குள் மூலப்பத்திரம், கிஸ்தி ரசீது, எப்போதோ செத்துப்போன தாத்தா பேரில் ஒரு பட்டா. கேட்பதும் ஏறக்குறைய ஒரே கேள்விகள்தான். திரும்பத் திரும்பச் சொல்லி வாய் வலித்ததால் எழுதி வைத்துவிட்டேன். நான் வக்கீல் இல்லை. ஆனால் எங்கள் குடும்பத்து நிலமும் ஒரு சாலைக்குப் போயிருக்கிறது, அந்தக் கதை கீழே வருகிறது.

நோட்டீஸைக் கையெழுத்துப் போட்டு வாங்கிட்டா நிலத்தைக் குடுக்கச் சம்மதிச்ச மாதிரி ஆயிடுமா?

ஆகாது. அது தபால் வந்து சேர்ந்ததற்கான கையெழுத்து, அவ்வளவுதான். வாங்க மறுத்தால் கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள், நாள் ஓடிக்கொண்டே இருக்கும், நஷ்டம் உங்களுக்குத்தான். வாங்குங்கள், கையெழுத்துக்குக் கீழே தேதி போடுங்கள், உறையைக்கூடத் தூக்கிப் போடாதீர்கள். இந்த விஷயத்தில் எல்லாமே தேதிக் கணக்கு.

எந்தச் சட்டத்துல எடுக்குறாங்கன்னு தெரிஞ்சு எனக்கு என்ன ஆகப்போகுது?

நிறைய ஆகும். எங்கே, எத்தனை நாளுக்குள் முறையிடுவது என்பது சட்டத்துக்குச் சட்டம் மாறும். நோட்டீஸின் முதல் பத்தியிலேயே சட்டத்தின் பெயரும் பிரிவும் இருக்கும். பொதுவான நில எடுப்பு என்றால் 2013-ஆம் ஆண்டின் நியாயமான இழப்பீட்டுச் சட்டம், 2014 ஜனவரி 1 முதல் நடப்பில் இருப்பது. தேசிய நெடுஞ்சாலை என்றால் 1956-ஆம் வருஷச் சட்டம். மாநில நெடுஞ்சாலைக்குத் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டம் 2001, தொழிற்பேட்டைக்குத் தமிழ்நாட்டின் 1997-ஆம் வருஷச் சட்டம்.

கடைசி இரண்டும் செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2019 ஜூலையில் சொன்னது உண்மைதான். ஆனால் அதே வருஷம் சட்டமன்றம் அவற்றை உயிர்ப்பித்து ஒரு சட்டம் கொண்டுவந்தது, உச்ச நீதிமன்றமும் 2021 ஜூனில் அதை ஏற்றுக்கொண்டுவிட்டது. அதனால் "அந்தச் சட்டமே செல்லாது, விடுங்க" என்று டீக்கடையில் சொல்வதை நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம். ஒரு நல்ல செய்தி: இவற்றில் எந்தச் சட்டத்தில் எடுத்தாலும் இழப்பீட்டுத் தொகையைக் கணக்கிடும் முறை 2013 சட்டத்தின் முறைதான். தேசிய நெடுஞ்சாலைக்கு மட்டும் அது 2015 ஜனவரி 1 முதல்.

நாலு மடங்கு தரணும்னு சட்டமே இருக்காமே, எனக்கு ஏன் அப்படி வரல?

பேப்பரில் வந்த தலைப்பு அது. கணக்கு இப்படிப் போகும். முதலில் சந்தை மதிப்பு. கிராமப்புற நிலமாக இருந்தால் அதை 1-க்கும் 2-க்கும் இடையில் ஒரு எண்ணால் பெருக்குவார்கள். நகரத்திலிருந்து உள்ள தூரத்தை வைத்து அந்த எண்ணை மாநில அரசு முடிவு செய்யும், நகர்ப்புறம் என்றால் அது 1-தான். அதோடு மரம், கிணறு, கட்டிடத்தின் மதிப்பைக் கூட்டுவார்கள். வந்த தொகைக்குச் சமமாக இன்னொரு பங்கு ஆறுதல் தொகை, ஆபீஸில் சொலேஷியம் என்பார்கள். இதுபோகச் சந்தை மதிப்பின் மேல் வருஷத்துக்கு 12 சதவீதம், முதல் அறிவிப்பிலிருந்து இழப்பீட்டு ஆணை வரும் நாள் அல்லது நிலத்தை எடுத்துக்கொண்ட நாள் வரை, எது முந்தியோ அதுவரை.

உதாரணத்துக்கு, நிலத்தின் சந்தை மதிப்பு 10 லட்சம், பெருக்கும் எண் 1.5 என்று வைத்துக்கொள்வோம். 15 லட்சம் ஆச்சு. கிணறும் தென்னையும் 2 லட்சம், 17 லட்சம். ஆறுதல் தொகை இன்னொரு 17, மொத்தம் 34 லட்சம். இரண்டு வருஷ இடைவெளி என்றால் 10 லட்சத்துக்கு 12 சதவீதம் வீதம் 2 லட்சத்து 40 ஆயிரம். ஆக 36 லட்சத்து 40 ஆயிரம். பெருக்கும் எண் 2 ஆக இருந்தால்தான் நிலத்துக்கு நாலு மடங்கு. அதுவும் அவர்கள் போட்ட சந்தை மதிப்புக்கு நாலு மடங்கு, புரோக்கர் சொன்ன விலைக்கு இல்லை. அதனால் ஆணையின் நகலை வாங்கியதும் நான் முதலில் பார்க்கச் சொல்வது கடைசி வரியில் இருக்கும் மொத்தத்தை இல்லை, சென்ட்டுக்கு என்ன மதிப்பு எடுத்திருக்கிறார்கள் என்ற அந்த ஒரே எண்ணைத்தான். மற்றதெல்லாம் அதிலிருந்து பெருகுவது.

பக்கத்துல சென்ட் 2 லட்சத்துக்குப் போகுது. எனக்கு இருபதாயிரம்னு போட்டிருக்காங்க. இது என்ன நியாயம்?

இந்தக் கேள்விக்குத்தான் கடையில் அதிக நேரம் போகும். 2013 சட்டத்தின் 26-ஆம் பிரிவு முக்கியமாக இரண்டு எண்களைப் பார்க்கச் சொல்கிறது. ஒன்று, பத்திரப் பதிவுக்கான வழிகாட்டி மதிப்பு. இன்னொன்று, அக்கம்பக்கத்தில் அதே மாதிரி நிலங்கள் விற்ற சராசரி விலை. எது அதிகமோ அதை எடுக்க வேண்டும். சராசரிக்குக் கடந்த 3 வருஷக் கிரயப் பத்திரங்களை எடுத்து, அதில் விலை அதிகமுள்ள பாதியை மட்டும் வைத்துச் சராசரி போட வேண்டும். மேலே உள்ள பாதி, இதைக் கவனியுங்கள். நடைமுறையில் பல இடங்களில் வழிகாட்டி மதிப்பைப் பார்த்து எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள், அல்லது கூடுதல் விலை போன பத்திரங்களை "மனைக்கட்டு, விளைநிலத்தோடு ஒப்பிட முடியாது" என்று ஒதுக்கிவிடுகிறார்கள்.

நீங்கள் செய்ய வேண்டியது இது. ஆணையோடு உள்ள விற்பனைப் பட்டியலைக் கேட்டு வாங்குங்கள், தராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனுப் போடுங்கள். பிறகு சுற்றுவட்டாரப் புல எண்களுக்கு வில்லங்கச் சான்று போட்டு, அறிவிப்புக்கு முந்தைய 3 வருஷத்தில் யார் எவ்வளவுக்கு விற்றார்கள் என்று பாருங்கள். பட்டியலில் இல்லாத, விலை கூடிய பத்திரம் கண்ணில் பட்டால் சார்பதிவாளர் அலுவலகத்தில் அதற்குச் சான்றிட்ட நகல் வாங்குங்கள். ஒரு பெரியவர் பட்டியலில் 43 பத்திரம் இருப்பதாகச் சொல்லிக் கொண்டுவந்தார். உட்கார்ந்து எண்ணிப் பார்த்தால் அதே வாய்க்காலை ஒட்டிய ஒரு புஞ்சை, 30 சென்ட், இவருடையதைவிட மூன்று மடங்கு விலைக்குப் போனது, அது மட்டும் அதில் இல்லை. அந்த ஒரு காகிதத்தை வைத்துத்தான் அவருடைய மனுவே நின்றது.

ஒன்று மட்டும். 3 சென்ட் மனை விற்ற விலையை அப்படியே 3 ஏக்கருக்குப் பெருக்கிக் கேட்டால் நிற்காது. சாலை, பூங்கா என்று விட வேண்டிய இடத்துக்காக ஒரு பங்கைக் கழித்துவிடுவார்கள், பெரும்பாலும் மூன்றில் ஒரு பங்கு, சில சமயம் அதற்கும் மேலே.

நானும் பத்திரத்துல குறைச்சுத்தான் காட்டுனேன். இப்ப நெஜ விலையைச் சொல்லலாமா?

சொல்லலாம், எடுபடாது. கறுப்பில் கைமாறிய பணத்துக்குக் காகிதம் கிடையாது, காகிதம் இல்லாத விலை சட்டத்துக்குத் தெரியாது. முத்திரைத் தீர்வையை மிச்சம் பிடிக்க ஊரே சேர்ந்து வழிகாட்டி மதிப்புக்குப் பதிவு செய்துகொண்டே வந்திருக்கிறோம். அரசாங்கம் நிலம் எடுக்க வரும்போது அதே பத்திரங்களை எடுத்து நம் முன்னால் வைக்கிறது. பாதிக்கு மேற்பட்ட சண்டையின் வேர் இங்கேதான் இருக்கிறது என்பது என் அபிப்பிராயம். கடையில் இதைச் சொன்னால் யாருக்கும் பிடிக்காது.

ஆனாலும் எல்லோரும் குறைத்துப் போடுவதில்லை. வங்கிக் கடன் போட்டு வாங்கியவர், ஒரு நிறுவனத்துக்கு விற்றவர், இவர்கள் பத்திரத்தில் முழு விலை இருக்கும். மேலே சொன்ன வில்லங்கச் சான்று வேலையை அந்த மாதிரிப் பத்திரங்களைத் தேடித்தான் செய்ய வேண்டும்.

கிணறு, போர், தென்னை இதுக்கெல்லாம் தனியா வருமா?

வரும். கட்டிடத்துக்குப் பொறியாளர், மரத்துக்குத் தோட்டக்கலை அல்லது வனத்துறை, பயிருக்கு வேளாண்துறை ஆள் வந்து மதிப்புப் போட வேண்டும். அளக்க வரும் நாளில் நீங்கள் அங்கே இருக்க வேண்டும். காய்க்கும் தென்னையைக் கன்று என்று எழுதிவிட்டுப் போனால் பிறகு நிரூபிப்பது கஷ்டம், மரம் வெட்டியாகிவிடும். மொபைலில் தேதியோடு படம், வீடியோ எடுத்து வையுங்கள். அடங்கலில், அதாவது கிராமச் சாகுபடிக் கணக்கில், மரக் கணக்கு ஏறியிருக்கிறதா என்று வி.ஏ.ஓ.விடம் இப்போதே பாருங்கள்.

நிலத்துக்கு நடுவுல ரோடு போகுது. மீதி ரெண்டு துண்டையும் வச்சு நான் என்ன பண்றது?

துண்டாடியதால் மீதி நிலத்துக்கு வரும் நஷ்டத்தைத் தனியாகக் கேட்கலாம், 2013 சட்டத்தின் 28-ஆம் பிரிவு. கிணறு ஒரு பக்கம், வயல் மறுபக்கம் என்று ஆகிவிட்டால் தண்ணீர் கொண்டுபோகும் செலவும் நஷ்டம்தான். ஆனால் கேட்டால்தான் வரும். எழுத்தில் கேட்காதவர்களுக்குத் தானாக வந்து நான் பார்த்ததில்லை. வீட்டில் பாதியை மட்டும் எடுப்பதாக இருந்தால், எடுத்தால் முழுசையும் எடு என்று சொல்லும் உரிமை 2013 சட்டத்தின் 94-ஆம் பிரிவில் இருக்கிறது.

பேச்சுவார்த்தைக்குக் கூப்பிடுறாங்க. ஒத்துக்கலாமா?

தனியார் பேச்சுவார்த்தை என்று இதற்குப் பெயர். கிரயம் எழுதிக் கொடுப்பதுபோல நீங்களே விலைக்கு ஒத்துக்கொண்டு கொடுப்பது. பணம் சீக்கிரம் வரும், அலைச்சல் கம்மி. ஆனால் ஒத்துக்கொண்டு எழுதிக் கொடுத்த பிறகு போதவில்லை என்று போய் நிற்க முடியாது. நாலு மடங்குக் கேள்வியில் சொன்ன கணக்கை உங்கள் நிலத்துக்குப் போட்டுப் பார்த்துவிட்டு, அவர்கள் சொல்லும் விலை அதைத் தாண்டுகிறதா என்று பாருங்கள். மகள் கல்யாணம் வைத்திருப்பவரும் பத்து வருஷம் கோர்ட்டுக்கு நடக்கத் தயாராக இருப்பவரும் ஒரே முடிவை எடுக்க வேண்டியதில்லை.

பணத்தை வாங்கிட்டா அப்புறம் கேஸ் போட முடியாதாமே?

ஆட்சேபணையோடு வாங்கினால் முடியும். ஆட்சேபணை இல்லாமல் வாங்கிவிட்டால், கூடுதல் தொகை கேட்கும் மனுவையே போட முடியாது என்று 2013 சட்டத்தின் 77-ஆம் பிரிவு தெளிவாகச் சொல்கிறது. 1894-ஆம் வருஷத்துப் பழைய சட்டத்திலும் இது அப்படியே இருந்தது.

எங்கள் கதை இதுதான். அப்பாவின் 62 சென்ட் புஞ்சையை ஒரு சாலைக்காகப் பழைய சட்டத்தில் எடுத்தார்கள். காசோலை கொடுத்த அன்று ஒரு படிவத்தை நீட்டி இங்கே போடுங்கள் என்றார்கள், அப்பா போட்டார். மேலே "முழுத் திருப்தியுடன் பெற்றுக்கொண்டேன்" என்று அச்சடித்திருந்ததை நான் பார்த்தது மூன்று மாசம் கழித்து. பக்கத்து வயல்காரர் அதே படிவத்தில் பேனாவால் அந்த வரியை அடித்துவிட்டு "தொகை போதாது, ஆட்சேபணையுடன் பெறுகிறேன்" என்று எழுதியிருந்தார். அவருக்குக் கோர்ட்டில் பிறகு கூட்டிக் கொடுத்தார்கள். எங்களுக்கு அந்த வாசல் மூடிவிட்டது.

அதனால் படிவத்தில் எழுதுங்கள், எழுத விடாவிட்டால் பணம் வாங்குவதற்கு முன்பே அதே வாசகத்தோடு நில எடுப்பு அலுவலருக்கு ஒப்புகையுடன் ஸ்பீடு போஸ்ட் அனுப்பி, நகலையும் ஒப்புகையையும் பத்திரப்படுத்துங்கள். பணத்தை வாங்காமல் வீம்பாக இருப்பதில் பெரிய லாபம் ஒன்றும் இல்லை.

எத்தனை நாள் டைம் இருக்கு?

2013 சட்டத்தில், இழப்பீட்டு ஆணை போடும்போது நீங்களோ உங்கள் ஆளோ அங்கே இருந்திருந்தால் அன்றிலிருந்து 6 வாரம். இல்லாவிட்டால் நோட்டீஸ் கைக்கு வந்து 6 வாரம் அல்லது ஆணை தேதியிலிருந்து 6 மாதம், எது முந்தி முடிகிறதோ அது. மனு கலெக்டருக்கு, 64-ஆம் பிரிவில். சரியான காரணம் இருந்தால் இன்னும் ஒரு வருஷம் வரை அவர் ஏற்கலாம், ஆனால் அதை நம்பி இருக்காதீர்கள். அவர் 30 நாளில் அதை ஆணையத்துக்கு, அதாவது இழப்பீட்டுத் தகராறுகளை விசாரிக்க இந்தச் சட்டத்தில் அமைத்த தீர்ப்பு மன்றத்துக்கு, அனுப்ப வேண்டும், அனுப்பாவிட்டால் நீங்களே ஆணையத்தை அணுகலாம். அங்கே கிடைத்ததும் போதாது என்றால் 60 நாளில் உயர் நீதிமன்றம்.

ஆணையம் தொகையைக் கூட்டினால், கூடுதல் பணத்துக்கு வட்டி உண்டு. நிலத்தை எடுத்த நாளிலிருந்து முதல் வருஷம் 9 சதவீதம், அதன் பிறகு 15 சதவீதம்.

என்.எச். ரோட்டுக்கு எடுத்திருக்காங்க. கலெக்டர்கிட்டயே முறையிடணுமாம். அவரும் அவங்க ஆளுதானே?

இந்தக் கோபம் நியாயமானது. தேசிய நெடுஞ்சாலைச் சட்டத்தில் நிலத்துக்கு விலை போடுவது பெரும்பாலும் நில எடுப்பு டி.ஆர்.ஓ., அதாவது மாவட்ட வருவாய் அலுவலர். அது போதாவிட்டால் மத்திய அரசு நியமித்த நடுவரிடம் போக வேண்டும், நம் ஊரில் அது பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர். அதே கட்டிடத்தில் மாடி ஏறிப் போவது மாதிரிதான். அவர் உத்தரவும் சரியில்லை என்றால் நடுவர் தீர்ப்புச் சட்டத்தின் 34-ஆம் பிரிவில் மாவட்ட நீதிமன்றம். 3 மாதம் கெடு, மிஞ்சிப்போனால் இன்னும் 30 நாள், அதற்கு மேல் எந்தக் காரணமும் எடுபடாது.

நீதிமன்றம் தொகையைக் கூட்டித் தருமா என்பதில்தான் சிக்கல். தமிழ்நாட்டு நிலங்கள் சம்பந்தப்பட்ட ஹக்கீம் வழக்கில் சதுர மீட்டருக்கு 46.55 முதல் 83.15 ரூபாய் வரை போட்டிருந்தார்கள், சென்ட்டுக்கு ஏறக்குறைய 1,880 முதல் 3,370 ரூபாய். அதுவும் கிரயப் பத்திரங்களைப் பார்க்காமல் வழிகாட்டி மதிப்பை வைத்து. மாவட்ட நீதிமன்றம் அதை 645 ரூபாயாக, அதாவது சென்ட்டுக்கு 26,100 வாக்கில் உயர்த்தியது. 2021-இல் உச்ச நீதிமன்றம், 34-ஆம் பிரிவில் தீர்ப்பை ரத்து செய்யலாம், திருத்தி எழுத முடியாது என்றது. ஆனாலும் அந்த விவசாயிகளுக்குக் கிடைத்த தொகையில் கை வைக்கவில்லை. 2025 ஏப்ரலில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, பெரும்பான்மைத் தீர்ப்பில், சில குறிப்பிட்ட சூழலில் மட்டும் திருத்தலாம் என்று கொஞ்சம் தளர்த்தியிருக்கிறது. இதிலிருந்து நான் எடுத்துக்கொண்டது: பத்திரம், படம் எல்லாவற்றையும் நடுவர் முன்னாலேயே வைத்துவிட வேண்டும். அங்கே வைக்காததை மேலே போய்ப் புதிதாக வைக்க முடியும் என்று எண்ணாதீர்கள்.

2015-க்கு முன்னால் என்.எச். சாலைக்கு நிலம் கொடுத்து ஆறுதல் தொகையே வராதவர்கள், 2019-இல் தர்சேம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் அது உண்டு என்று சொன்னதை வக்கீலிடம் காட்டிக் கேளுங்கள். 1997 முதல் 2015 வரை எடுத்த நிலங்களைப் பற்றியது அது.

பக்கத்து வயல்காரருக்குக் கூட்டிக் குடுத்திருக்காங்க. நான் மனுவே போடல. எனக்கும் கிடைக்குமா?

2013 சட்டம் என்றால் 73-ஆம் பிரிவு இதற்காகவே இருக்கிறது. உங்கள் நிலமும் அவர் நிலமும் ஒரே அறிவிப்பில் வந்திருக்க வேண்டும், நீங்கள் 64-இல் மனுப் போடாதவராக இருக்க வேண்டும், அவருக்கு ஆணையம் தீர்ப்பளித்த தேதியிலிருந்து 3 மாதத்துக்குள் கலெக்டரிடம் விண்ணப்பிக்க வேண்டும். தீர்ப்பின் நகல் வாங்க ஆகும் நாளைக் கழித்துக்கொள்ளலாம். பழைய சட்டத்தில் 28-ஏ. எங்கள் வீட்டில் இது தெரியவந்தபோது அந்த 3 மாதமும் போயிருந்தது. வயல்காரர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம், அது வேறு கதை.

பட்டா இன்னும் தாத்தா பேர்ல. சித்தப்பா எனக்கும் பங்குங்கிறார். பணம் என்ன ஆகும்?

யாருக்கு எவ்வளவு என்று தகராறு இருந்தால் தொகையை ஆணையத்தில் கட்டிவிடுவார்கள், நீங்கள் அங்கே போய்ச் சண்டை போட்டு வாங்க வேண்டும். பெண் பிள்ளைகளை விட்டுவிட்டு வாரிசுப் பட்டியல் தயாரிக்காதீர்கள், பிறகு அத்தையே வந்து தடை வாங்குவார். நோட்டீஸ் வருவதற்கு முன்பே பாகப்பிரிவினையும் உட்பிரிவும் செய்துவைத்திருக்கும் குடும்பங்களில் பணம் மாசக் கணக்கில் வருகிறது, மற்றவர்களுக்கு வருஷக் கணக்கில்.

நிலம் எனக்குச் சொந்தமில்ல, குத்தகைக்கு ஓட்டுறேன். எனக்கு ஒண்ணும் இல்லையா?

2013 சட்டம் நிலச் சொந்தக்காரரை மட்டும் பார்ப்பதில்லை. எடுப்பதற்கு முந்தைய 3 வருஷமாக அந்த நிலத்தில் பிழைப்பு நடத்திய குத்தகைதாரர், வாரக்காரர், கூலித் தொழிலாளி குடும்பங்களும் பாதிக்கப்பட்டவர்கள்தான். மறுவாழ்வு உரிமைகள் இரண்டாம் அட்டவணையில் இருக்கின்றன: வேலை, அல்லது 5 லட்சம் ரூபாய் ஒரே தொகை, அல்லது மாதம் குறைந்தது 2,000 வீதம் 20 வருஷம், அதோடு 50,000 மறுகுடியமர்வு உதவி. கஷ்டம் என்னவென்றால் வாய்ப்பேச்சுக் குத்தகைக்குச் சாட்சி கிடையாது. அடங்கலில் சாகுபடிதாரர் பெயர் ஏறியிருப்பது, நெல் போட்ட கொள்முதல் நிலைய ரசீது, பயிர்க் காப்பீடு கட்டிய சீட்டு, ஏதாவது ஒன்று வேண்டும்.

இந்தப் பணத்துக்கு வருமான வரி உண்டா?

2013 சட்டத்தின் ஆணைப்படி வரும் இழப்பீட்டுக்குக் கிடையாது, 96-ஆம் பிரிவு. மத்திய நேரடி வரிகள் வாரியம் 2016-இல் சுற்றறிக்கையாகவும் சொல்லிவிட்டது. பேச்சுவார்த்தையில் விற்ற பணம், தாமதத்துக்கான வட்டி, என்.எச். இழப்பீடு இவற்றுக்குக் கணக்கு வேறு மாதிரி வரலாம். காசோலையில் டி.டி.எஸ். என்று முன்கூட்டியே வரி பிடித்திருந்தால் ஆடிட்டரைப் பாருங்கள்.

1990-ல எடுத்தாங்க. நிலம் இன்னும் சும்மா கிடக்கு, பணமும் வாங்கல. திரும்பக் கிடைக்குமா?

2014 வாக்கில் இந்த நம்பிக்கையில் நிறையப் பேர் வழக்குப் போட்டார்கள். ஆணை போட்டு 5 வருஷத்துக்கு மேலாகியும் நிலத்தை எடுக்காவிட்டாலோ பணம் கொடுக்காவிட்டாலோ பழைய எடுப்பு காலாவதி என்று 2013 சட்டத்தின் 24-ஆம் பிரிவைப் படித்தார்கள், ஜெயித்தவர்களும் உண்டு. 2020 மார்ச்சில் இந்தூர் வளர்ச்சி ஆணைய வழக்கில் ஐந்து நீதிபதிகள் அதை மாற்றிவிட்டார்கள். நிலத்தையும் எடுக்கவில்லை, பணமும் கொடுக்கவில்லை என்று இரண்டும் சேர்ந்திருந்தால்தான் காலாவதி. கருவூலத்தில் கட்டியிருந்தால் நீங்கள் வாங்க மறுத்ததைச் சொல்லித் தப்ப முடியாது. நிலம் கண்ணுக்குச் சும்மா கிடந்தாலும், எடுத்துக்கொண்டதாக அந்த இடத்தில் எழுதிய குறிப்பு, மகஜர் என்பார்கள், அது ஃபைலில் இருந்தால் எடுத்ததாகத்தான் அர்த்தம். முதலில் அந்த மகஜர் நகலைக் கேட்டு வாங்குங்கள்.

வக்கீல் வர்ற பணத்துல 20 சதவீதம் கேக்குறார். குடுக்கலாமா?

ஜெயித்த பணத்தில் பங்கு என்று வக்கீல் பேசவே கூடாது, பார் கவுன்சில் விதி அது. நடப்பது வேறு என்பது எனக்கும் தெரியும், எதிர்க்கடையில் உட்கார்ந்து தினமும் பார்க்கிறேனே. கட்டணத்தை ரூபாயில் பேசி எழுதி வாங்குங்கள். வெற்றுத் தாளிலோ, நிரப்பாத காசோலையிலோ கையெழுத்துப் போட்டுக் கொடுக்காதீர்கள். மூலப்பத்திரத்தைக் கேட்டால் நகலைக் கொடுங்கள், பக்கத்துக்கு இரண்டு ரூபாய்தான் வாங்குகிறேன்.